ஸ்டெல்லா டீச்சருக்குத் துணை இருந்த கதை

போன மாதம் எங்கள் ஆவடி காலனியில் ஒரு வீட்டுக் கதவை உடைத்தோம். எல்லோரும் சேர்ந்து, மிகுந்த அன்போடு.

ஸ்டெல்லா டீச்சர் வீடு அது. பள்ளிக்கூடத்தில் டிராயிங் சொல்லிக்கொடுத்து ரிடையர் ஆனவர். எழுபதைத் தாண்டியாயிற்று, கல்யாணம் செய்துகொள்ளவில்லை. காலையில் காபி, பிறகு ஜன்னலோரம் உட்கார்ந்து பெயின்டிங், சாயங்காலம் சர்ச்... தினமும் இதுதான்.

அன்றைக்குப் பால்காரர் தட்டியிருக்கிறார். பதில் இல்லை. தெருவே கூடிவிட்டது. கதவு விழுந்ததும் பார்த்தால் — டீச்சர் கையில் பிரஷ்ஷோடு நிற்கிறார்.

"இன்னாம்மா, நல்லாத்தான் கீறியா?" என்றார் பால்காரர், கொஞ்சம் ஏமாற்றத்தோடு.

"வெளிச்சம் மாறுறதுக்குள்ள முடிச்சிடலாம்னு இருந்தேன். தட்டினது காதுல விழலை."

விட்டோமா? அசோசியேஷன் செக்ரட்டரி பரமசிவம், ஃபேக்டரியில் ஃபோர்மேன். உத்தரவு போட்டே பழகியவர். "வயசான காலத்துல தனியா இருக்கக் கூடாதும்மா. இனிமே தினம் காலையில ஒருத்தர் பேச்சுத்துணைக்கு வருவாங்க" என்று அறிவித்தார். டீச்சர் வேண்டாம் என்றார். கூச்சப்படுகிறார் என்று எடுத்துக்கொண்டோம்.

போனோம். மூட்டுவலி, மருமகள், குழாய்த் தண்ணீர் என்று கொட்டித் தீர்த்தோம். துணை அவருக்கா, எங்களுக்கா? பாதி வரைந்த படம் அப்படியே கிடந்தது. ஒருநாள் டீச்சர் கண் கலங்கியிருந்தது. "தனிமை படுத்துற பாடு" என்றார் செக்ரட்டரி.

மறுநாள் டீச்சர் அவரிடமே சொன்னார்: "உங்களை வரையட்டுமா? ஆனா ஆடக் கூடாது, பேசக் கூடாது."

மனிதருக்குப் பெருமை பிடிபடவில்லை. மதியம்வரை சிலையாக இருந்தார். கழுத்து பிடித்துக்கொண்டதுதான் மிச்சம். படத்திலோ — சாயம் பூசிய மீசை, அதன் அடியில் எட்டிப் பார்க்கும் வெள்ளை, இரட்டைத் தாடை... எல்லாம் உள்ளது உள்ளபடி. டீச்சர் அதைத் தெருப்பக்க ஜன்னலில் மாட்டிவிட்டார்.

அடுத்து என் முறை. எனக்குத் திடீரென்று வேலை வந்துவிட்டது. எனக்கு அடுத்தவருக்கு ஜுரம். அந்த வாரத்தோடு காலனியின் கருணை வற்றிப்போனது. டீச்சர் பாதியில் நின்ற படத்தை முடித்துவிட்டாராம்.

செக்ரட்டரி தன் படத்தை வாங்கிக் கிழித்துப் போடச் சொல்லி மனைவியை அனுப்பினார். அந்த அம்மாள் வாங்கிவந்து ஹாலில் மாட்டிவிட்டார்.

"இருக்கட்டுங்க. நீங்க வாய மூடிட்டு உக்காந்திருக்கிறத நான் வேற எங்க பாக்கிறது?"