விலிமைனா போட்ட தடை

மகன் கல்யாண விருந்தில் சமைக்க இலை சேரட்டும் என்று விலிமைனா மேட்டிலிருந்த தன் சேம்புத் தோட்டத்துக்கு மூன்று வாரம் தடை போட்டாள். கோல் நட்டுத் தென்னங்கீற்றைக் கட்டிவிட்டால், எங்கள் ஊரில் நட்டவள்கூட உள்ளே போகக் கூடாது.

“எட்டிப் பாக்காத மதினி, உன் கண்ணு பட்டா இலை வாடிரும்,” என்று பக்கத்துச் சேம்புத் தோட்டத்திலிருக்கும் என்னைச் சீண்டுவாள்.

இரண்டாம் வாரம் அவள் இலைகளில் மட்டும் கண்ணாடி போல வெளுத்த பொட்டுகளைக் கண்டேன். அந்துப்பூச்சியின் குஞ்சுப் புழுக்கள் சுரண்டிய இடம். சொன்னால் பொறாமை என்பாளே என்று பேசாமல் இருந்துவிட்டேன். அப்புறம் எல்லோரும் கல்யாணப் பாய் முடைய உட்கார்ந்தோம். மேட்டுக்கு யாரும் போகவில்லை.

விருந்துக்கு முந்தின நாள் காலையில் கூடையோடு போய்க் கோலைப் பிடுங்கினாள். நானும் கூடப் போயிருந்தேன். ஓர் இலைகூட இல்லை. காம்புகளின் உச்சியில் வெறும் நரம்புகள் நின்றன. காலால் மண்ணைத் தள்ளினாள். கொழுத்த புழுக்கள் சுருண்டன.

“யாருமே நுழையலியே மதினி... நான்கூட நுழையலியே.”

பொட்டுகளைப் பார்த்ததைச் சொன்னேன். அடிப்பாள் என்று நினைத்தேன். கூடையை என் நெஞ்சில் வைத்து அழுத்தினாள்.

“அப்ப உன் தோட்டத்துல பறி. ஒரு இலை விடாத.”

பறித்தேன்.