அக்காவைப் பேயாக்கிய கதை

அக்காவின் சைக்கிள் மணி என் சமையலறை ஜன்னல் விளிம்பில் இருக்கிறது. சைக்கிளை அப்பா பழைய இரும்புக்காரரிடம் போட்டுவிட்டார். நல்ல சைக்கிள்தான், ஆனால் முதுநகரில் எங்கள் தெருவில் ஒருவரும் அதை வாங்கத் தயாராக இல்லை. காரணம் என் தாய்மாமா. அவருடைய பேய்க்கதைத் தொகுப்பில் பதினொன்றாவதாக இருக்கும் கதை.

மாமா அண்ணாமலை நகரில் கிளார்க்காக இருந்தார். பத்திரிகைகளுக்கு விசித்திரமான கதைகள் எழுதுவார். நேரில் பரமசாது. அக்காவைக் கல்லூரியில் சேர்க்க வெயிலில் அலைந்தவரும் அவர்தான். எங்கள் வீட்டுக்கு வந்தால் சாப்பிட்டுக்கொண்டே எல்லோரையும் கவனித்துக்கொண்டிருப்பார். பிரியத்தில் பார்க்கிறார் என்று நினைத்திருந்தேன். கதைக்குப் பொறுக்கிக்கொண்டிருந்தார் என்பது பிறகுதான் தெரிந்தது.

என் அக்கா பத்து நாள் காய்ச்சலில் ஆஸ்பத்திரியில் செத்தாள். கடைசியாகக் கஞ்சி டம்ளரை அவள் வாயருகே பிடித்தவள் நான். வருஷம் திரும்புவதற்குள் மாமாவின் கதை அச்சில் வந்தது. பெயரை மட்டும் மாற்றியிருந்தார். சிதம்பரத்திலிருந்து ரயிலில் வந்து, ஸ்டேஷனில் விட்ட சைக்கிளை எடுத்துக்கொண்டு, மத்தியானம் இரண்டு மணிக்கு வீட்டு கேட்டில் இரண்டு முறை மணியடிக்கும் பெண். அதுவரை அப்படியே அக்காதான். காதல் தோல்வியில் கிணற்றில் குதிக்கிறாள். அப்புறம் வெள்ளிக்கிழமைதோறும் உச்சி வெயிலில் தாவணி சொட்டச் சொட்ட கேட்டில் நின்று மணியடிக்கிறாள். யாரும் திறப்பதில்லை. எங்கள் வீட்டில் கிணறே கிடையாது, அடிபம்புதான். ஆனால் அச்சில் வந்ததற்கு முன்னால் அடிபம்பு எடுபடுமா? ஆஸ்பத்திரிக்கு ஆரஞ்சுப் பழத்தோடு வந்து பார்த்தவர்களே கிணற்றைப் பற்றிக் குசுகுசுத்தார்கள். புவனகிரியிலிருந்து என்னைப் பெண் பார்க்க வந்தவர்கள், நான் அந்தக் கதையில் வரும் பெண்ணின் தங்கையா என்று தரகரிடம் கேட்டுவிட்டு, அப்புறம் எங்கள் பக்கமே வரவில்லை. காய்ச்சலில் போனவளை இப்படி அசிங்கப்படுத்த இந்த மனிதருக்கு என்ன உரிமை என்று அன்று கொதித்தேன். இன்றும் அது ஆறவில்லை.

கதையைப் படித்த எல்லோரும் பயந்தார்கள். அம்மா மட்டும் நம்பினாள். வெள்ளிக்கிழமை ஒன்றே முக்காலுக்கெல்லாம் கேட்டைத் திறந்து வைத்துவிட்டு வாசலில் நிற்பாள். தெருவே வேடிக்கை பார்க்கும். நான்தான் போய்க் கையைப் பிடித்து உள்ளே இழுத்து வருவேன். அப்பா சைக்கிளைப் போட்ட அன்று மணியை மட்டும் கழற்றி முந்தானையில் முடிந்துகொண்டாள். சாகும்வரை அதைப் பிரியவில்லை.

இந்த வருஷம் அந்தத் தொகுப்பு மறுபதிப்பாக வரப்போகிறது என்று கேள்விப்பட்டதும் பஸ் ஏறி மாமா வீட்டுக்குப் போனேன். ஓய்வு பெற்று, காது மந்தமாகி, ஈசிசேரில் இருந்தார். பதினொன்றாவது கதையை எடுத்துவிடுங்கள் என்று கத்தித்தான் சொல்ல வேண்டியிருந்தது. அவர் புத்தகத்தில் புதிதாகச் சேர்க்கப்போகும் கடைசிக் கதையை எடுத்துக் கொடுத்தார். அதில் அம்மா கேட்டைத் திறக்கிறாள். பெண் உள்ளே வந்து சாப்பிட்டுவிட்டுப் படுத்துத் தூங்குகிறாள். பேயும் இல்லை, பயமும் இல்லை.

"உங்கம்மாதாம்மா கேட்டுச்சி. யாருக்கும் சொல்லாம இங்க வந்துச்சி. 'கேட்டுலயே நிக்க வச்சிட்டியேடா, உள்ள இட்டாந்து ஒரு வாய் சோறு போட்டு எழுதுடா'ன்னுச்சி. அத எடுத்தா இது நிக்காதும்மா."

அம்மா அவரைத் திட்டப் போயிருக்க வேண்டியவள். போய்க் கெஞ்சியிருக்கிறாள். எனக்கு அழுகைக்கு முன்னால் ஆத்திரம்தான் வந்தது.

"ரெண்டும் இருக்கட்டும் மாமா. கிணத்த மட்டும் எடுங்க. காய்ச்சல்ல செத்தாள்னு எழுதுங்க."

"காய்ச்சல்ல செத்தா பேய்க்கதை ஆவுமாம்மா?"

"அவ பேய் இல்ல."

தலையாட்டினார். நம்பி வந்தேன்.

போன வாரம் புத்தகம் கூரியரில் வந்தது. பதினொன்றாவது கதையில் கிணறு அப்படியே இருக்கிறது. கடைசிக் கதையில்தான் ஒரு வரி கூடியிருக்கிறது: கேட்டில் நிற்கும் பெண்ணின் நெற்றியில் அம்மா கை வைத்துப் பார்த்து, காய்ச்சல் விட்டுவிட்டது என்கிறாள். நான் உண்மையைக் கேட்டேன். அதையும் கதைக்குத்தான் எடுத்துக்கொண்டார். என் பிரதியில் கிணறு வரும் இடங்களையெல்லாம் பேனாவால் அடித்தேன். கடைகளில் இருக்கும் பிரதிகளில் அக்கா இன்னமும் கிணற்றில்தான் கிடக்கிறாள். ஆனாலும் அந்த ஒரு வரியை எத்தனை தடவை படித்தேன் என்று எனக்கே தெரியாது.

நேற்று வெள்ளிக்கிழமை. மத்தியானம் தேங்காயெண்ணெய் தொட்டு மணியின் துருவைத் துடைத்துக்கொண்டிருந்தேன். கட்டைவிரல் பட்டு ஒரு தடவை அடித்துவிட்டது. திரும்பி கேட்டைப் பார்த்தேன். பார்த்த என் மேலேயே எனக்குக் கோபம் வந்தது. பிறகு எழுந்து போய்க் கேட்டின் தாழ்ப்பாளைத் திறந்து வைத்தேன்.