எழுத்துப் பக்கம் வெளியே

அவருக்குப் பெற்றவர்கள் வைத்த பெயர் என்னவென்று கேட்டால் அவர் மனைவியே ஒரு விநாடி யோசித்துத்தான் சொல்வாள். வொர்க்‌ஷாப்பில் எல்லோருக்கும் அவர் ‘பொறு’. யார் வண்டியைக் கொண்டுவந்து நிறுத்தி, “இது போயிடுச்சு, மாத்திடுங்க” என்று ஆரம்பித்தாலும் அவர் வாயிலிருந்து முதலில் விழுகிற சொல் அதுதான். மூத்தவர்களிடம் மட்டும் “பொறுங்க” என்பார்.

காரில் எச்சரிக்கை விளக்கு எரிந்தால் அது அவர் இலாகா. கருவியைச் செருகிப் பார்ப்பதற்கு முன்னால் வண்டிக்காரரிடம் மூன்று கேள்வி கேட்பார். விளக்கு எப்போது வந்தது? எந்த மாதிரி ரோட்டில் வந்தது? அதற்கு முன்னால் வண்டியில் கடைசியாகக் கை வைத்தது யார்? முதல் இரண்டுக்கும் பதில் வந்துவிடும். மூன்றாவதுக்கு யாரும் நேராகப் பதில் சொன்னதில்லை. “யாருமே தொடலையே” என்பார்கள். கொஞ்ச நேரம் கழித்து, மச்சினன் வந்து சீட்டுக்கு அடியில் ஏதோ நோண்டினான் என்று மெல்ல வெளியே வரும்.

வொர்க்‌ஷாப் அவருடைய மாமனார் வைத்தது. மாமனாருக்கு இரண்டே பிள்ளைகள். மூத்தது மகன், அடுத்தது மகள். பொறு அப்போது லிஃப்ட் ரிப்பேர் செய்கிற கம்பெனியில் இருந்தார். கார் தூக்குகிற மேடை பாதியில் நின்றுபோய், அதைப் பார்க்க வந்தவர்தான். வந்த இடத்தில், கை முழுக்க கிரீஸோடு பிரஸ் மிஷின் பக்கத்தில் நின்ற பெண்ணைப் பார்த்தார். மேடை அன்றைக்கே சரியாகிவிட்டது. ஆனாலும் அதைப் பார்க்கிற சாக்கில் அவர் திரும்பத் திரும்ப வந்துகொண்டிருந்தார். “மேடையைத் தூக்கிவிட வந்த பய என் பொண்ணையே தூக்கிட்டான்” என்று மாமனார் கடைசிவரை சொல்லிச் சிரிப்பார்.

அந்தப் பெண்ணுக்குப் பிரஸ் மிஷின் என்றால் உயிர். சக்கரத்து பேரிங்கை அழுத்தி வெளியே எடுப்பதும் புதிதை அழுத்தி உட்கார வைப்பதும் அதில்தான். அப்பாதான் கற்றுக்கொடுத்தார். பேரிங் தன் இடத்தில் போய் உட்காரும்போது சத்தம் மாறும், அதைக் கேட்டுக் கையை நிறுத்து என்பார். இன்னொன்றும் சொல்வார். எழுத்துப் பக்கம் எப்போதும் வெளியே இருக்கட்டும். நாளைக்கு இன்னொருத்தன் பிரித்தால் நம்பரைப் படிக்கணுமில்லையா? அப்பா போன பிறகும் மகனும் மகளும் அந்த வார்த்தையை மீறியதில்லை.

அண்ணன் கெட்டவர் இல்லை. ஆனால் கவலைக்காரர். முன்னால் கவுண்டர் காலியாகக் கிடக்கிறது, போன் அடித்து அடித்து ஓய்ந்துபோகிறது, வந்தவர்கள் விசாரிக்க ஆளில்லாமல் திரும்பிப் போகிறார்கள் என்று அவருக்குத் தூக்கமே போய்விட்டது. தங்கையைக் கவுண்டரில் உட்கார வைத்துவிட்டுப் பிரஸ்ஸுக்கு ஓர் ஆம்பளையைப் போட்டால் இரண்டும் சரியாகும் என்று கணக்குப் போட்டார்.

“பில்லு போடறதுக்கா அப்பா எனக்கு இதைச் சொல்லிக் கொடுத்தாரு?” என்றாள் தங்கை.

“சரி, நீயே நில்லு. ஆனா நீ மாட்டின வண்டி ஒண்ணு திரும்பி வந்தாக்கூட, மறுபேச்சுப் பேசாம கவுண்டர்ல போய் உட்காரணும்.”

“வந்தா உட்கார்றேன்.”

“பொறுங்க மச்சான்” என்றார் பொறு. இரண்டு பேருமே பொறுக்கவில்லை. ரத்தம் ஒன்றாயிற்றே.

அதற்கப்புறம் ஒரு வண்டியும் திரும்பி வரவில்லை. மழைக்காலம் முடிகிற நேரத்தில் மாமாவின் கார் வந்தது.

மாமா என்றால் அண்ணன் தங்கை இரண்டு பேருக்கும் தாய்மாமன், அவர்கள் அம்மாவுக்குக் கடைசித் தம்பி. முறைப்படி பார்த்தால் பொறுவுக்கு அவர் சித்தப்பா முறை ஆகணும். ஆனால் உறவு முழுக்க மாமா, மாமா என்றே கூப்பிட்டதில் பொறுவுக்கும் மாமாவாகவே ஆகிவிட்டார். வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர். கையும் காலும் ஓய்ந்தாலும் வாய் ஓயவில்லை. அவர் காதில் ஒரு விஷயம் விழுந்தால் பொழுது சாய்வதற்குள் சொந்தபந்தம் அத்தனைக்கும் போய்ச் சேர்ந்துவிடும். ஊர் வாயை மூட உலைமூடி இல்லை என்பார்கள். மாமாவின் வாய் ஒன்றே ஓர் ஊருக்குச் சமம்.

“மாப்பிள்ளை, உங்க ஆளுங்களை வந்து பாருங்க. மூணு பேர் சேர்ந்து எரியறாங்க” என்றபடி இறங்கினார்.

பொறு கதவைத் திறந்து முன்பலகையைப் பார்த்தார். விளக்கு எதுவும் தெரியவில்லை. விளக்கு இருக்க வேண்டிய இடத்தில் காயத்துக்கு ஒட்டுகிற பிளாஸ்திரி அகலமாக ஒட்டியிருந்தது.

“என்ன மாமா இது?”

“ராத்திரியில கண்ணைக் கூசுது.”

“காயத்துக்குப் பிளாஸ்திரி போடலாம். விளக்குக்குப் போட்டா ஆறிடுமா?”

பிளாஸ்திரியின் ஓரத்தைத் தூக்கிப் பார்த்தார். பிரேக் பிடித்தால் சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் காக்கிற ஏ.பி.எஸ். விளக்கு, வண்டி சறுக்காமல் பிடிக்கிற விளக்கு, சக்கரம் வீணாகச் சுற்றாமல் தடுக்கிற விளக்கு. மூன்றும் மஞ்சளாக எரிந்தன. பிரேக் எண்ணெய்க்குரிய சிவப்பு விளக்கு மட்டும் எரியவில்லை. அது ஓர் ஆறுதல். “சாதாரணமா மிதிச்சா நிக்கும் மாமா. ஆனா ஈர ரோட்ல திடீர்னு மிதிச்சா சக்கரம் பூட்டிக்கும், வண்டி இழுத்துட்டுப் போகும். அதுக்குத்தான் இந்த மூணும் இருக்கு.”

பிறகு வழக்கமான கேள்விகள். விளக்கு எப்போது வந்தது? போன வாரம். எந்த ரோட்டில்? இங்கேயிருந்து வீட்டுக்குப் போகும்போது. கடைசியாகக் கை வைத்தது யார்?

“வேற யாரு? என் மருமகதான். முன்சக்கரம் உறுமுதுன்னு பேரிங் மாத்திக் கொடுத்தாளே.”

பிரஸ் பக்கம் நின்றிருந்தவள் கையிலிருந்த துணியைக் கீழே வைத்தாள். அண்ணன் கவுண்டர் பக்கத்திலிருந்து எட்டிப் பார்த்தார். யாருக்கும் எதுவும் விளக்கிச் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

பொறு கருவியைச் செருகினார். முன் இடது சக்கரத்திலிருந்து வேகம் வரவில்லை என்று காட்டியது. மாமாவை ஓட்டச் சொல்லித் தெருமுனை வரை போய் வந்தார். நான்கு சக்கரத்தில் மூன்று ஒரே வேகம் சொல்லின. நான்காவது, வண்டி ஓடிக்கொண்டிருக்கும்போதே, நான் நிற்கிறேன் என்றது.

“சென்சார் போயிருக்கும். புதுசைப் போட்டு அனுப்பு மச்சான். விளக்குன்னா வயர் சமாச்சாரம்தானே” என்றார் அண்ணன். தங்கையின் பக்கம் அவர் பார்க்கவில்லை. அவருக்கும் அது வயராகவே இருந்துவிட்டால் தேவலை போலிருந்தது.

“பொறுங்க.”

வண்டியை மேடையில் ஏற்றினார். வலது பக்கத்து நல்ல சென்சாரைக் கழற்றி இடது பக்கம் மாட்டிச் சக்கரத்தைச் சுற்றினார். அதுவும் பூஜ்யம் என்றது. வயரை அசைத்துப் பார்த்தார், இழுத்துப் பார்த்தார். பிளக்கில் கரண்ட் ஒழுங்காக வந்தது. சென்சார் குற்றவாளி இல்லை, வயரும் இல்லை. மிச்சம் இருந்தது சென்சார் எதைப் பார்க்கிறதோ அதுதான். இந்தக் காலத்துப் பேரிங்கின் ஒரு முகத்தில் மெல்லிய காந்த வளையம் ஒட்டியிருக்கும். அது சுற்றுவதைப் பார்த்துத்தான் சென்சார் வேகத்தைச் சொல்லும்.

காந்தத்தைப் பார்ப்பதற்கென்றே அவர் சட்டைப் பையில் ஒரு சின்ன அட்டை இருக்கும், கரும்பச்சை நிறம். காந்த வளையத்தின் மேல் வைத்தால் சீப்புப் பல் மாதிரி கோடு கோடாகத் தெரியும். அச்சுத் தண்டை இழுத்துவிட்டு, சென்சார் இருக்கிற உள்பக்கத்தில் அட்டையை வைத்தார். ஒரு கோடுகூட இல்லை. அலமாரியிலிருந்து அதே நம்பர் புதுப் பேரிங்கை எடுத்து வந்து பார்த்தார். எழுத்து இருக்கிற முகத்தில் கோடுகள் வரிசையாக நின்றன. மறுபக்கம் வெறுமை.

அவருக்கு விளங்கிவிட்டது. மாமனார் காலத்துப் பேரிங்குக்கு இரண்டு பக்கமும் ஒன்றுதான். எழுத்துப் பக்கம் வெளியே என்றால் ஒரு குறையும் வராது. கடைக்கு இப்போதுதான் வந்திருக்கும் இந்த ரகத்தில் காந்தமும் எழுத்தும் ஒரே பக்கத்தில் இருக்கின்றன. எழுத்து வெளியே வந்தால் காந்தமும் வெளியே வந்துவிடும். சென்சார் இருட்டைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும்.

மேடைக்குக் கீழே நின்றபடி மனைவியைப் பார்த்தார். அவள் அவரைப் பார்க்காமல் பிரஸ்ஸின் கைப்பிடியைத் துடைத்துக்கொண்டிருந்தாள். துடைத்த இடத்தையே துடைத்தாள். அவள் கவுண்டரில் கைகட்டி உட்கார்ந்திருப்பது அவர் கண்ணுக்கு முன்னால் வந்தது. அந்தப் பக்கம் மாமா காதைத் தீட்டிக்கொண்டு நிற்கிறார்.

“என்ன மச்சான், வயர்தானே?” என்று மறுபடி கேட்டார் அண்ணன்.

பாம்பும் சாகணும், கம்பும் ஒடியக்கூடாது. பொறு தொண்டையைச் செருமிக்கொண்டார். “ஆமா, வயர்லதான்... உள்ளே ஒரு சின்ன அறுப்பு. வண்டி இங்கேயே இருக்கட்டும். நான் பார்த்துக்கறேன்.”

துடைத்துக்கொண்டிருந்த கை நின்றது.

“எந்த இடத்துல அறுப்பு?” என்று கேட்டாள் மனைவி.

“உள்ளே.”

“உள்ளேன்னா?”

“கிளிப்புக்கு அந்தப் பக்கம்.”

அவள் மேடைக்குக் கீழே வந்து நிமிர்ந்து பார்த்தாள். “கிளிப்பையே நீங்க இன்னும் கழட்டல. சேறு அப்படியே இருக்கு.” அவர் கையிலிருந்த புதுப் பேரிங்கையும் அட்டையையும் வாங்கி, இரண்டு பக்கமும் வைத்துப் பார்த்தாள். பிறகு அச்சுத் தண்டுக்குப் பின்னால் வைத்துப் பார்த்தாள். அவளுக்கு அதிக நேரம் ஆகவில்லை. “நான் திருப்பி மாட்டியிருக்கேன். இதை மறைச்சு வயருன்னு சொல்றீங்களா?”

“பொறும்மா...”

“எதுக்குப் பொறுக்கணும்? தப்பு என்னோடது. நீங்க எடுத்துச் சட்டைப் பையில போட்டுக்க அது என்ன உங்க அட்டையா?”

மாமா “அடடே!” என்று ஒரு டப்பாவை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். நல்ல கதை நடக்கும்போது நின்றுகொண்டு கேட்பது அவருக்குப் பழக்கமில்லை.

அவள் நேராக அண்ணனிடம் போனாள். “அண்ணே, வயர் இல்ல. பேரிங்கைத் தலைகீழா அழுத்தினது நான். எழுத்துப் பக்கம் வெளியே வெச்சேன். இதுல காந்தம் எழுத்துப் பக்கத்துல இருக்கு. கவனிக்கல. பேச்சு பேச்சுதான். இந்தப் பேரிங்கை மாத்திக் கொடுத்துட்டுக் கவுண்டர்ல உட்கார்றேன்.”

அண்ணன் புதுப் பேரிங்கை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். திட்டுவார் என்று பொறு காத்திருந்தார். அவர் திட்டவில்லை. முகம்தான் ஒரு மாதிரி ஆனது.

“அப்பா சொன்ன மாதிரிதானே மாட்டினே?”

“ஆமா.”

“நானும் அப்படித்தான் மாட்டுவேன்” என்றவர், கொஞ்சம் பொறுத்து, “மாட்டியிருக்கேன்” என்றார்.

மாமா வண்டிக்குப் பேரிங் மாற்றிய அதே வாரம் தங்கை வெளியே போயிருந்த நேரம் பேக்கரி வண்டி ஒன்று வந்ததும், அண்ணனே பிரஸ்ஸில் நின்று பேரிங் போட்டு அனுப்பியதும் பொறுவுக்கு அப்போதுதான் நினைவுக்கு வந்தன. அண்ணன் போனை எடுத்தார். அடுத்த முனையில் பேசியவர் குரல் வொர்க்‌ஷாப் முழுக்கக் கேட்டது.

“மஞ்ச விளக்கா? ஆமாங்க, மூணு எரியுது. நீங்க வேலை பார்த்துக் கொடுத்ததுலருந்து எரியுது. நல்லா வேலை செய்யுது போலன்னு சும்மா விட்டுட்டேன்.”

“இனிமே சும்மா விடாதீங்க. இப்பவே கொண்டு வாங்க. மெதுவா வாங்க.”

போனை வைத்துவிட்டு அண்ணன் யாரையும் பார்க்கவில்லை. மாமாதான் வாயைத் திறந்தார்: “அப்போ கவுண்டர்ல ரெண்டு நாற்காலி போடணும் மருமகனே!”

முதலில் சிரித்தது தங்கைதான். அண்ணனுக்கு அடக்க முடியவில்லை. பொறு மட்டும் சிரிக்கலாமா கூடாதா என்று தெரியாமல் நின்றார்.

பழைய பேரிங்கைப் பிரஸ்ஸில் வைத்து அவள் வெளியே தள்ளினாள். ஒருமுறை பிடுங்கினால் அது திரும்ப உதவாது. புதிதை வைப்பதற்கு முன்னால் “அட்டை” என்று கையை நீட்டினாள். அண்ணனையும் பக்கத்தில் வரச்சொல்லிப் பார்க்கச் சொன்னாள். காந்தம் உள்பக்கம். அழுத்தினாள். சத்தம் மாறிய இடத்தில் கையை நிறுத்தினாள். எல்லாவற்றையும் பூட்டி, பதிவாகியிருந்த பழைய குறையை அழித்துவிட்டு, மாமாவோடு பொறு மறுபடி தெருமுனை வரை போனார். நான்கு சக்கரமும் ஒரே வேகம் சொல்லின. பிளாஸ்திரியைப் பிய்த்தபோது அடியில் இருட்டாக இருந்தது. மாமாவுக்கு அதில் கொஞ்சம் ஏமாற்றம்கூட இருந்திருக்கலாம்.

அன்று மாலை வீட்டில் அவள் சாப்பிட்டு முடித்த பிறகு கேட்டாள்: “என்ன நினைச்சு வயர்னு சொன்னீங்க?”

“உன் பிரஸ் போயிடுமேன்னு.”

“போனா போகுது. நீங்க ராத்திரியோட ராத்திரியா மாத்தி வெச்சிருந்தா நான் அடுத்த வண்டிக்கும் எழுத்து வெளியேன்னுதானே போட்டிருப்பேன்? அதுல எவன் குடும்பத்தோட உட்கார்ந்திருப்பானோ.”

சோதிக்காமல் ஒரு பேச்சுப் பேசாதவர் என்று பெயரெடுத்தவர், வாழ்நாளில் ஒரே ஒரு முறை சோதித்ததை மாற்றிப் பேசியதற்கு இப்படி ஆயிற்று. இரண்டு நாள் அவளுக்கு முன்னால் வயரைப் பற்றி வாயே திறக்கவில்லை.

மறுநாள் காலையில் அவள் சொன்ன சொல்லைக் காப்பாற்ற நல்ல புடவை கட்டிக்கொண்டு கவுண்டருக்குப் போனாள். நாற்காலியில் மாமா உட்கார்ந்திருந்தார். விளக்கு மறுபடி எரிகிறதா என்று காட்ட வந்தாராம். எரியவில்லை. வந்த இடத்தில் போன் அடித்திருக்கிறது, எடுத்திருக்கிறார். எடுத்தவர் வைக்கவில்லை. எதிர்முனையில் இருந்தவரின் வண்டிக் குறை, மகன் படிப்பு, மாமியார் முழங்கால் எல்லாம் விசாரித்து, நாளைக்கு வரச்சொல்லியும் ஆகிவிட்டது.

அண்ணன் வந்து பார்த்தார். தங்கையைப் பார்த்தார், மாமாவைப் பார்த்தார். அவருக்கு வேண்டியது என்னவோ கவுண்டரில் ஓர் ஆள்தான்.

“நீ ஏன் இங்க நிக்கறே? பேக்கரி வண்டி காத்துக்கிட்டிருக்கு, போ. முதல்ல போய்ப் புடவையை மாத்து.”

மாமா தினமும் வர ஆரம்பித்தார். போனில் புதிதாக யார் பேசினாலும் முதலில் பேரிங் கதைதான். மருமகள் திருப்பிப் போட்டது, மருமகன் திருப்பிப் போட்டது, மாப்பிள்ளை வயர் என்று முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கப் பார்த்தது, எல்லாம் வரிசையாக வரும். ஒரு நாள் அது காதில் விழுந்து பொறுவுக்குப் பொறுக்கவில்லை. “இவரை வேணாம்னு சொல்லிடட்டுமா? நம்ம மானமே போகுது” என்றார் மனைவியிடம்.

அவள் ஒரு கையால் பேரிங்கின் மேல் அட்டையை வைத்துக் கோடுகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“சொல்லட்டுங்க. கேட்டவங்க விளக்கு எரிஞ்சா உடனே வருவாங்கல்ல” என்று சொல்லிவிட்டுப் பிரஸ்ஸின் கைப்பிடியை இழுத்தாள்.