மாறிப்போன ஏசண்டர்மாரும் போகாத ஒருத்தியும்

எங்கள் காலத்தில் வன்னியில் அரசாங்கம் என்பது ஒரே ஒரு மனிதர். கொழும்பில் பிரதமர் இருந்தார், மந்திரிமார் இருந்தார்கள்; அவர்களைப் பத்திரிகையில் பார்த்தோம். காணி வேண்டுமென்றாலும், குளக்கட்டு உடைந்தாலும், யானையை விரட்டத் துவக்குக்கு அனுமதி வேண்டுமென்றாலும் அரசாங்க அதிபரிடம்தான் போகவேண்டும். சனங்கள் அவரை ஏசண்டர் என்றார்கள். வெள்ளைக்காரர் போன பிறகும் அந்தப் பெயர் போகவில்லை.

ஐம்பதுகளின் நடுப்பகுதியிலிருந்து நான் ஏசண்டரின் அலுவலகமான கச்சேரியில் காணிப் பகுதி எழுதுவினைஞனாக இருந்தேன். ஏசண்டர்மார் வருவார்கள், ஊரும் காடும் பிடிபடத் தொடங்கும்போது மாற்றலாகிப் போவார்கள். நான் அதே கதிரையில் உட்கார்ந்திருந்தேன். எந்த ஊரில் எவர் எப்படிப்பட்டவர் என்று அவர்களுக்குச் சொல்வது நான். கையெழுத்து அவர்களுடையது, அந்தக் கையெழுத்து எந்தப் பக்கம் சாய வேண்டும் என்பதைப் பலமுறை நான் தீர்மானித்திருக்கிறேன். அது எனக்குப் பிடித்திருந்தது.

இதை எழுதவேண்டாம் என்று என் மருமகன் சொல்கிறார். "மாமா, சும்மா கிடக்கிற கதையை ஏன் கிளறுறியள்? எங்கடை ஆக்களுக்கும் ஒரு மரியாதை இருக்கு." அந்த மரியாதையைப் பற்றித்தான் எழுதுகிறேன். பிடிக்காதவர்கள் வாசிக்கவேண்டாம்.

நெடுங்கேணிக்கு அப்பால் ஒரு குளத்தைத் திருத்தி, அதன்கீழ் குடியேற்றத் திட்டம் ஒன்றைத் திறந்தார்கள். முதலில் வந்தவர்கள் யாழ்ப்பாணத்திலிருந்து வந்த வேளாளக் குடும்பங்கள். அவர்களில் என் உறவினரும் இருந்தார்கள். அவர்களோடு சிறு பிள்ளைகளுள்ள ஒரு சலவைத் தொழிலாளர் குடும்பமும் வந்தது. ஊருக்கு வெளுக்க ஆள் வேண்டும் என்று இவர்களே கூட்டிக்கொண்டு வந்திருந்தார்கள். கணவனைக் கட்டாடியார் என்பார்கள். மெலிந்த மனிதர், சிரித்துப் பேசுவார். மனைவி அதிகம் பேசமாட்டார். என்னைவிட வயதில் மூத்தவர். ஆனாலும் நான் அவரை 'நீ' என்றுதான் அழைத்தேன்.

இரண்டாம் கட்டக் காணிகளைப் பகிர்வதற்குக் காணிக் கச்சேரி ஒன்று வைத்தோம். காணிக் கச்சேரி என்றால், ஏசண்டரே ஊருக்கு வந்து, சபை நடுவே விண்ணப்பக்காரரை ஒவ்வொருவராகக் கூப்பிட்டு விசாரித்து, காணி கொடுப்பதா இல்லையா என்று அந்த இடத்திலேயே முடிவு சொல்வது. காணியில்லாத கமக்காரருக்குத்தான், அதாவது விவசாயிகளுக்குத்தான், காணி. அதுதான் சட்டம்.

பள்ளிக்கூடக் கொட்டகையில் ஏற்பாடு. ஏசண்டர் வரும் வழியில் மரியாதைக்கு வெள்ளைத் துணி விரிக்கவேண்டும், கதிரைக்கு வெள்ளை போடவேண்டும், தலைக்கு மேலே வெள்ளை கட்டவேண்டும். இது கட்டாடியார் குடும்பத்தின் வேலை. யாரும் சொல்லியனுப்பத் தேவையில்லை, அவர்களாகவே வந்து செய்வார்கள். அன்று காலையும் இருவரும் வந்தார்கள். நல்ல உடுப்பு உடுத்தியிருந்தார்கள். கையில் மூட்டை இல்லை.

ஊர்த் தலைமைக்காரரான விதானையார்தான் முதலில் கண்டார். "எங்கையடா வெள்ளை?"

கட்டாடியார் மனைவியைப் பார்த்தார். அந்த அம்மாதான் பதில் சொன்னார்: "வெள்ளை கொண்டரேல்லை. நாங்கள் காணி கேக்க வந்தனாங்கள்."

"காணியோ! உங்களுக்கோ?" விதானையார் கொட்டகையில் இருந்தவர்களைத் திரும்பிப் பார்த்துச் சிரித்தார். "கேட்டியளே? இனி நாங்கள்தான் இவைக்கு வெளுக்கோணும்போல."

"பழகினால் வரும், விதானையார்," என்றார் கட்டாடியார்.

நான் இடையில் புகுந்தேன். ஏசண்டரின் ஜீப் வரும் நேரம். "ஓடிப்போய் எடுத்துக்கொண்டு வா. விரிச்சுப்போட்டுப் பிறகு காணி கேக்கலாம்," என்றேன்.

"விரிச்ச கையோட கேட்டால் ஏசண்டர் ஐயா என்னை என்னெண்டு நினைப்பார்?" என்றார் அந்த அம்மா. "மாட்டன் ஐயா."

சபை முழுக்கக் கேட்க ஒரு பெண் எனக்கு 'மாட்டன்' என்றது அதுதான் முதல் தடவை. என் முகம் எரிந்தது. மறுமொழி சொல்ல நேரமில்லை, ஜீப் வந்துவிட்டது. விதானையார் பதறிப்போய்த் தன் தோளில் கிடந்த சால்வையை எடுத்து வாசலில் விரித்தார். ஏசண்டர் இறங்கி வந்தார். தெற்கிலிருந்து வந்த, உயரமான மனிதர். தமிழ் அவ்வளவாகத் தெரியாது. வாசலில் நின்று குனிந்தார், சால்வையை எடுத்தார், மண்ணைத் தட்டினார், "யாருடையதோ விழுந்து கிடக்கிறது" என்று ஆங்கிலத்தில் சொல்லி என் கையில் தந்துவிட்டு உள்ளே போனார். கட்டாடியார் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்.

எனக்கு அப்போதாவது விளங்கியிருக்க வேண்டும். அந்த மரியாதையை ஏசண்டர் கேட்கவில்லை. கேட்டது நாங்கள்.

பெயர்களைக் கூப்பிட்டேன். அந்த அம்மாவின் முறை வந்தது. கமம் தெரியுமா என்று ஏசண்டர் கேட்டார். நான் தமிழில் கேட்டேன்.

"சின்ன வயசிலயிருந்து மற்றவையின்ரை வயலில நாத்து நட்டிருக்கிறன், புல்லுப் பிடுங்கியிருக்கிறன், அரிவு வெட்டியிருக்கிறன். இந்தா நிக்கினம், இவையின்ரை வயலிலதான். எங்களுக்கெண்டு ஒரு துண்டும் இல்லை."

அவ்வளவும் உண்மை. என் சிற்றப்பாவின் வயலில் அவர் நாற்று நட்டதை நானே கண்டிருக்கிறேன். ஏசண்டர் என்னைப் பார்த்தார். நான் ஆங்கிலத்தில் சொன்னேன்: "இவர்கள் கமக்காரர் அல்லர், ஐயா. சலவைத் தொழிலாளர். இவர்களுக்குப் பிழைப்பு இருக்கிறது."

ஊரின் நன்மைக்காகச் சொன்னேன் என்று பல வருடங்கள் எனக்கே சொல்லிக்கொண்டேன். பொய். காலையில் கேட்ட 'மாட்டன்' என்ற சொல்லுக்காகச் சொன்னேன்.

அந்த அம்மாவுக்கு ஆங்கிலம் தெரியாது. என் முகத்தைப் பார்த்திருப்பார். "ஐயா இப்ப சொன்னதைத் தமிழில சொல்லுங்கோ. சபைக்கும் கேக்கட்டும்," என்றார்.

"உங்களுக்குத் தொழில் இருக்கெண்டு சொன்னன்."

"அந்தத் தொழிலை இண்டையோட விட்டாச்சு. அதையும் அவருக்குச் சொல்லுங்கோ."

நான் சொல்லவில்லை. ஏசண்டர் அடுத்த பெயரைக் கூப்பிடச் சொன்னார்.

அவர்கள் ஊரை விட்டுப் போவார்கள் என்று எல்லோரும் நினைத்தோம். போகவில்லை. குளம் நிறைந்தால், மிகைநீர் வழியும் வான் பாய்ந்து தண்ணீர் வீணாக ஓடும் பள்ளக்காடு ஒன்று திட்டத்தின் எல்லைக்கு வெளியே இருந்தது. இருவரும் அதை வெட்டினார்கள், எரித்தார்கள், வரம்பு கட்டினார்கள். அரச காட்டில் அனுமதியில்லாமல் பிடித்த காணி. ஊரில் எவருடைய துணியையும் அதன்பின் அவர்கள் தொடவில்லை. செத்த வீட்டுக்கு வெள்ளை கட்ட ஆளில்லை. ஊரவர்கள் அழுக்குத்துணி மூட்டையைச் சைக்கிளில் கட்டி நெடுங்கேணிக்குக் கொண்டுபோனார்கள். விதானையார் குளக்கரையில் தன் வேட்டியைத் தானே அடித்துத் தோய்த்தார். அந்தப் பக்கம் மண்வெட்டியோடு போன கட்டாடியார், "கரையைக் கசக்குங்கோ விதானையார், கரையிலதான் ஊத்தை," என்று சொல்லிவிட்டுப் போனாராம். விதானையாரே இதை என்னிடம் பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னார்.

அடுத்து வந்த ஏசண்டர் கடும் சட்டக்காரர். அத்துமீறிப் பிடித்த காணிகளை எல்லாம் ஒரு மாரிக்குள் துப்புரவாக்குவேன் என்றார். ஆட்களோடு என்னை அனுப்பினார். பள்ளக்காட்டில் அவர்கள் குடியிருந்த கொட்டிலைப் பிரித்துப் போட்டோம். அந்த அம்மா குசினிச் சட்டிபானைகளை வேலியோரம் எடுத்து வைத்துவிட்டு நின்று பார்த்தார். அழவில்லை, ஏசவும் இல்லை. "தடியளை முறிச்சுப்போடாதேங்கோ," என்றார். "திரும்பக் கட்டோணும்."

அடுத்த கிழமை கொட்டில் அதே இடத்தில் நின்றது.

அதற்குப் பிறகு அங்கே போகும்போதெல்லாம் அவர் என்னிடம் கேட்பது ஒரு கேள்விதான். "இப்ப ஆர் ஏசண்டர்?" நான் சொல்வேன். "சரி, இவரும் போவார்," என்பார். சட்டக்காரரும் போனார்.

பிறகு ஓர் இளம் ஏசண்டர் வந்தார். நன்றாகத் தமிழ் பேசுவார், மேசையில் இருப்பதைவிட வயலில் நடப்பதை விரும்புவார். ஒருநாள் என்னையும் விதானையாரையும் கூட்டிக்கொண்டு அந்தப் பள்ளக்காட்டுக்கு வந்தார். அப்போது அது காடு இல்லை. நெல் விளைந்து சாய்ந்து கிடந்தது. வரம்பில் ஒரு புல் இல்லை.

"அம்மா, நீங்கள் ஏன் காணிக் கச்சேரிக்கு வந்து கேட்கவில்லை?"

"வந்தனான் ஐயா. கேட்டனான். நான் கமக்காரியில்லை எண்டு இவர் சொன்னவர்." என்னைக் காட்டினார்.

ஏசண்டர் என் பக்கம் திரும்பினார். மிக அமைதியாகச் சொன்னார்: "காணிக் கச்சேரியில் பிழையான தகவலால் இவருக்குக் காணி மறுக்கப்பட்டிருந்தால், அதைத் திருத்த எனக்கு அதிகாரம் உண்டு. இல்லாவிட்டால் இவர் அத்துமீறியவர். என்னால் ஒன்றும் செய்யமுடியாது. நீங்கள் அப்படிச் சொன்னீர்களா?"

ஓம் என்று ஒரு சொல். வேறொன்றும் வேண்டியதில்லை. என்னைத் தண்டிக்கும் எண்ணம் அவருக்கு இருக்கவில்லை. அது அவர் குரலிலேயே தெரிந்தது. ஆனால் விதானையார் பக்கத்தில் நின்றார். மாலைக்குள் என் உறவினர் வீடுகளுக்குச் செய்தி போய்விடும்.

"எனக்கு நினைவில்லை, ஐயா," என்றேன்.

ஏசண்டர் விதானையாரைப் பார்த்தார். அவர் குளக்கட்டைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

கட்டாடியார் மட்டும் வாய் திறந்தார். "படிச்சவைக்கு மறதி கூடத்தான் ஐயா. நிறைய விசயம் வைச்சிருக்கினம், இடம் காணாது." அவர் சிரிக்கவில்லை. அன்றுதான் அவர் சிரிக்காமல் பேசியதைக் கேட்டேன்.

"அறுவடை முடியும்வரை இருங்கள்," என்றார் ஏசண்டர். அவரால் முடிந்தது அவ்வளவுதான்.

"அறுவடை முடிஞ்சால் விதைப்பு வரும் ஐயா," என்றார் அந்த அம்மா. "அதுக்கும் இருப்பன்."

இருந்தார். அந்த ஏசண்டரும் மாற்றலாகிப் போனார். காணி அனுமதிப்பத்திரம் அவர்களுக்கு வரவில்லை. பத்திரம் இல்லாதவருக்கு விதைநெல் கடன் இல்லை, உரம் இல்லை, வாய்க்கால் தண்ணீரில் பங்கு இல்லை. மழை பெய்து வான் பாய்ந்தால் பயிர், பெய்யாவிட்டால் கூலி. நான் சொன்ன இரண்டு பொய்களின் விலை அது. கொடுத்தவர்கள் அவர்கள்.

அறுபதுகளின் கடைசியில் எனக்கும் மாற்றல் வந்தது. போகுமுன் அந்த அம்மாவைப் பார்க்கப் போனேன். கட்டாடியார் அப்போது இல்லை. முந்திய மாரியில் காய்ச்சலில் போய்விட்டார். அந்த அம்மா களத்தில் நெல் தூற்றிக்கொண்டிருந்தார். முதல்முறையாக அவரை 'நீங்கள்' என்றேன். நான் செய்தது பிழை என்றேன். எனக்கு எல்லாம் நினைவிருந்தது என்றேன்.

அவர் சுளகை நிறுத்தவில்லை. "என்னட்டை வந்து சொல்லி என்ன ஐயா? எனக்குத் தெரியும்தானே. சபையில சொன்னதைச் சபையிலதான் மாத்திச் சொல்லோணும்."

"இனி என்னை ஆர் கேப்பினம்?"

"ஒருத்தரும் கேக்காமல்தானே அண்டைக்குச் சபையில என்னைப் பற்றிச் சொன்னனீங்கள்?" என்றார். "தள்ளி நில்லுங்கோ, பதர் கண்ணில விழும்."

தள்ளி நின்றேன். பிறகு சைக்கிளை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். அந்தச் சபையைக் கூட்ட எனக்கு அன்று துணிவில்லை. இன்று அந்தச் சபையில் பலர் இல்லை. பிள்ளைகள் இருக்கிறார்கள், பேரப்பிள்ளைகள் இருக்கிறார்கள், அவர்களுக்குச் சொல்கிறேன். அந்த அம்மா கமக்காரி. உங்கள் வயல்களில் நாற்று நட்டவர். காணிக் கச்சேரியில் அவரைப் பற்றி நான் சொன்னது பொய். பின்னர் நினைவில்லை என்றதும் பொய். என் குடும்பத்துக்கு இதனால் வரும் அவமானம் வரட்டும். அது என்னோடு தொடங்கியது. அந்தப் பள்ளக்காட்டு வயல் அவருடையது. அங்கே இன்று கமம் செய்யும் அவருடைய பிள்ளைகளிடம் போய் எவராவது பத்திரம் கேட்டால், என்னிடம் அனுப்புங்கள்.