அய்யய்யோவா, ஆயீ காவா?

கல்யாணசுந்தரம் பிறந்தது மராட்டிச் சீமைத் தாபோடியில். தெருவில் கோலி ஆடினதும் வாத்தியாரிடம் அடி வாங்கினதும் மராட்டியில்தான். ஆனால் மராட்டி சீரியல்காரர்களுக்கு அவர் மதராசி. இட்லிக் கடைக்காரர், கஞ்சப் பேங்க் மேனேஜர், மாடி வீட்டு சாம்பார் மாமா. எந்த வேஷமானாலும் நெற்றியில் பட்டை, வாயில் 'அய்யய்யோ'. வேலை பார்த்த தளேகாவ் கம்பெனியை மூடின வருஷம் பிடித்த பிழைப்பு, இன்னும் ஓடுகிறது. லைட் தூக்குகிறவனிலிருந்து டைரக்டர் வரைக்கும் அவருக்கு வைத்த ஒரே மதராசிப் பேர், 'அண்ணா'.

சினிமா எடுக்கிற வைஷாலி மட்டும் போனில் 'காகா' என்றாள், தன் சாதிசனத்துப் பெரியப்பா சித்தப்பாவைக் கூப்பிடுகிற மாதிரி. "ஹவில்தார் வேஷம் காகா. சுத்த மராட்டிக்காரர். மதராசி வாடையே வரக் கூடாது. கேம்ப் ஏரியாவில இருக்கிற எங்க ஆபீசுக்கு வந்து பேசிக் காட்டுங்க."

மனுஷனுக்குக் கால் தரையில் பாவவில்லை. இத்தனை வருஷத்தில் பட்டை இல்லாத முதல் வேஷம்.

கேம்ப்பில் வசனத்தைப் பொளந்து கட்டினார். வைஷாலி முகம் மலர்ந்துவிட்டது. "உட்காருங்க காகா, டீ குடிங்க." கேமரா இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. கண்ணாடி டம்ளர் சுட்டது, கை நழுவியது, கொதிக்கிற டீ மொத்தமும் மடியில்.

"அய்யய்யோ!"

அதே இழுவை. கைகள் இரண்டும் காதுக்கு மேலே போய் ஆடின. அறையே சிரித்தது. வைஷாலியும் சிரித்துவிட்டுச் சொன்னாள்: "தண்ணி ஊத்திக்குங்க அண்ணா."

காகா போய் அண்ணா வந்ததுமே வேஷம் போனது தெரிந்துவிட்டது.

பஸ்ஸில் வரும்போது எரிச்சலைவிட வேறொன்று குடைந்தது. அந்தச் சத்தம் யாருடையது? வீட்டுக்குள் நுழைந்ததும் பெண்டாட்டியிடம் கேட்டார். "சுப்ரஜா, அடிபட்டா நான் என்னன்னு கத்துவேன்?"

அவள் அம்பாசமுத்திரத்துக்காரி. "இது என்ன கேள்வி? மராட்டிக்காரன் ஆத்தாளைக் கூப்பிடுத மாதிரி 'ஆயீ கா'ன்னுதான். கல்யாணத்தன்னைக்கு நிலையில முட்டிக்கிட்டு அப்படித்தான கத்துனிய! மாப்பிள்ளை என்னமோ காய் கேக்காருன்னு எங்க சித்தப்பா சமையக்கட்டுக்கே ஓடிட்டாவ."

"இன்னைக்கு மட்டும் ஏன் மாறிச்சு?"

"கேமரா இருந்துச்சா?"

"இருந்துச்சு."

"அதான்."

சரி, அவள் சொன்னதுதான் நியாயம் என்று விட்டுவிட்டார். மறுவாரம் சீரியலில் பழைய இட்லிக் கடை. கேமரா ஓடுகிறது, கையில் கரண்டி. பின்னாலிருந்த லைட் ஸ்டாண்டு சரிந்து கால் கட்டைவிரலில் விழுந்தது.

"ஆயீ கா!"

"கட்!" சின்ன வயசு டைரக்டர் சாய்கிருஷ்ணா ஓடிவந்தான். காலைக்கூடப் பார்க்கவில்லை. "மதராசி அப்படிக் கத்த மாட்டான் அண்ணா."

கல்யாணசுந்தரம் ஒற்றைக் காலில் நின்றபடி கேட்டார். "வேற எப்படிடா கத்துவான்? நீ கத்திக் காட்டு, பார்ப்போம்."

அவன் கத்திக் காட்டினான். அதே இழுவை, கை இரண்டும் காதுக்கு மேலே.

"இதை எங்கடா படிச்ச?"

"சின்னப் பிள்ளையில இருந்து டிவில பாக்கிறேனே, உங்களைப் பார்த்துத்தான் அண்ணா."