மயிலத்தில் இறக்கிய வண்டிக்காரர் முடி

பிள்ளைகளா, நான் சினிமாவில் என்ன வேலை பார்த்தேன் என்று கேட்கிறீர்களே, எழுதியே வைத்துவிடுகிறேன். மேக்கப் போடுகிறவருக்குக் கையாள். மீசை ஒட்டுவது, டோப்பா சீவுவது, வேர்வை துடைப்பது. எட்டாவது படித்தவனுக்கு அது பெரிய உத்தியோகம்தான்.

அறுபதுகளின் தொடக்கத்தில் ஒரு மெட்ராஸ் கம்பெனி கூட்டேரிப்பட்டு பக்கம் இரண்டு நாள் படம் பிடிக்க வந்தது. நான் திண்டிவனத்துக்காரன் என்பதால், வண்டிக்காரர் வேஷத்துக்கு உள்ளூர் ஆள் ஒருவரைக் கூட்டிவரச் சொன்னார் டைரக்டர். மல்லாட்டை, அதுதான் வேர்க்கடலை, பயிரிடும் ஒருவரை அழைத்துப் போனேன். என்னைப் போலவே சுருட்டை முடி. முதல் நாள் கதாநாயகியை ஏற்றிக்கொண்டு லட்சணமாக வண்டியைக் கிளப்பினார்.

மறுநாள் காலை மொட்டைத் தலையோடு வந்தார். மண்டை முழுக்கச் சந்தனம்.

"இன்னாங்க இது?" என்றேன்.

"சினிமாவுல ஒரு தபா மூஞ்சி வந்துட்டா முடி குடுக்கறேன்னு மயிலம் முருகன்கிட்ட வேண்டிக்கினு இருந்தேம்பா. நேத்து புடிச்சிட்டாங்கல்ல? சாமி விஷயத்த தள்ளிப் போடலாமா?"

"இன்னும் பாதி எடுக்கலியேங்க."

"எறங்கறதுதானே பாக்கி. மொட்டையோட எறங்கக் கூடாதா?"

டைரக்டர் அவரை விட்டுவிட்டார். என்னைக் கூப்பிட்டார். "வண்டியில ஏறும்போது முடி, எறங்கும்போது மொட்டை. நடுவுல என்னய்யா ஆச்சு? மத்தியானத்துக்குள்ள அந்தத் தலையில முடி வரணும். இல்லேன்னா நீ வீட்டுக்குப் போயிடு, மெட்ராஸ் பக்கம் வராதே."

பெட்டியில் இருந்தது ஒரு ராஜா டோப்பாதான். அதை வைத்துப் பார்த்தோம். மாடுகள் மிரண்டன. மயிலம் மலைக்கு ஓடி, கோயிலில் அவருக்கு மொட்டை அடித்துவிட்டவரிடம் அந்த முடியைக் கேட்டேன்.

"சாமிக்குப் போனத திருப்பிக் கேக்கறியே. வோணும்னா நீ ஒரு மொட்டை அடிச்சிக்கோயேன்" என்று சிரித்தார்.

நல்ல யோசனையாகப் பட்டது. ஆனால் அங்கே அடித்தால் என் முடியும் சாமிக்குப் போய்விடும். கூட்டேரிப்பட்டு சலூனுக்கு வந்து அடித்துக்கொண்டு, முடியைத் துண்டில் முடிந்து எடுத்துப் போய், கொத்துக் கொத்தாக அவர் மண்டையில் ஒட்டினேன்.

டைரக்டர் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "அது சரி, இப்ப நீ எதுக்குய்யா மொட்டை?" என்றார். பிறகு எடுத்தார். என் வேலை தப்பிப் பிழைத்தது.

படம் விழுப்புரம் கொட்டகைக்கு வந்தபோது நானும் பார்க்கப் போனேன். அதற்குள் எங்கள் இருவருக்கும் முடி வளர்ந்திருந்தது. அவர் இரண்டு வண்டி நிறைய உறவுக்காரர்களோடு வந்தார். முதல் நாள் எடுத்ததை முழுவதும் வெட்டியிருந்தார்கள். இறங்குவது மட்டும் வந்தது, அதுவும் பின்னாலிருந்து.

"இன்னாய்யா, உன் மூஞ்சியே வர்ல?" என்றார் அவர் மனைவி.

"மூஞ்சிய விடு. அது என் முடிகூட இல்ல" என்றவர், என் பக்கம் திரும்பி, "ஏம்பா, முருகன் எனக்கு இன்னொரு படம் குடுக்கணும், இல்ல?" என்றார். நான் குடுப்பார் என்றேன்.

அன்று ராத்திரி மெட்ராஸில் என் அறைக்கு வந்து கதவைச் சாத்திக்கொண்டேன். மேக்கப் பெட்டியிலிருந்து இரண்டு கண்ணாடிகளை எடுத்து, ஒன்றை முன்னாலும் ஒன்றைப் பின்னாலும் பிடித்து, என் பின்மண்டையைக் கொஞ்ச நேரம் பார்த்தேன்.