அருந்தவன் தின்ற டிக்கெட்

என் புருஷன் என்னுடைய பஸ் டிக்கெட்டைத் தின்றவர். எங்கள் கலியாணக் கதையை யார் கேட்டாலும் நான் அங்கிருந்துதான் தொடங்குவேன். அவர் வேறெங்கிருந்தாவது தொடங்கப் பார்ப்பார். விட மாட்டேன்.

எண்பதுகளின் நடுவில் நாங்கள் இரண்டு பேரும் புலமைப்பரிசில் கிடைத்து மொஸ்கோவுக்குப் படிக்கப் போனோம். அவர் எஞ்சினியரிங், நான் இரசாயனம். அப்போது ஆளை ஆள் தெரியாது. பனி கொட்டிய ஒரு காலை, மூச்சு விட இடமில்லாத பஸ்ஸில் நான் பின்னால் நெரிபட்டுக்கொண்டிருந்தேன். டிக்கெட்டில் ஓட்டை போடும் சின்ன இயந்திரம் முன்பக்கச் சுவரில் இருந்தது. அங்கே போக முடியாதவர்கள் டிக்கெட்டை முன்னால் நிற்பவரிடம் கொடுக்க வேண்டும். அது முன்பின் தெரியாதவர்களின் கைகளால் இயந்திரம் வரை போய், ஓட்டையோடு அதே வழியில் திரும்பி வரும். நானும் கொடுத்து விட்டேன். அது திரும்பி வரவில்லை.

அங்கே மாணவர்களிடம் ஒரு நம்பிக்கை இருந்தது. டிக்கெட்டின் ஆறு இலக்கத்தில் முதல் மூன்றைக் கூட்டினால் வருவதும் கடைசி மூன்றைக் கூட்டினால் வருவதும் ஒன்றாக இருந்தால் அது அதிர்ஷ்ட டிக்கெட். உடனே தின்றுவிட வேண்டும். நடுவில் நின்ற அருந்தவனின் கைக்கு என் டிக்கெட் வந்திருக்கிறது. மனுஷன் கூட்டிப் பார்த்தார், வாயில் போட்டார். தன்னுடையது என்று நினைத்தாராம்! இன்றைக்கும் அப்படித்தான் சத்தியம் பண்ணுகிறார்.

பிறகென்ன, பரிசோதகர் அம்மா ஏறினார். எனக்குத் தெரிந்த அரைகுறை ரஷ்ய மொழியில் நான் தடுமாற, கூட்டத்துக்குள்ளிருந்து ஒரு கறுத்த பொடியன் கையை உயர்த்தி, "அதை நான் தின்றுவிட்டேன்" என்று சொல்லி நாக்கை நீட்டிக் காட்டினான். பஸ் முழுக்கச் சிரித்தது. அந்த அம்மா மட்டும் சிரிக்கவில்லை. இரண்டு பேரையும் பனியில் இறக்கி விட்டார்.

"தங்கச்சி யாழ்ப்பாணமோ?" என்று பல்லை இளித்தார் அருந்தவன்.

"முதல் என்ர டிக்கெட்டைத் தாரும்!" என்றேன்.

அந்த பஸ்ஸின் பெயர் லியாஸ் 677. மொஸ்கோவுக்குக் கிழக்கே லிக்கினோ என்ற சின்ன ஊரில் அறுபதுகளின் கடைசியிலிருந்து தொண்ணூறுகள் வரை செய்தார்கள். சோவியத் நாட்டில் அது ஓடாத நகரம் இருந்திருக்காது. லொறிக்குப் போடும் பெரிய பெட்ரோல் எஞ்சினை அதற்குப் போட்டிருந்தார்கள். மாடு தண்ணீர் குடிப்பதுபோல் பெட்ரோல் குடிக்கும். சாரதிக்குக் கிளச் மிதிக்கும் வேலையில்லை, இரண்டே இரண்டு கியர், அதுவும் தானாக மாறும். காற்றுப் பைகளின் மேல் உடம்பு நிற்பதால் துள்ளித் துள்ளித்தான் போகும். சனம் அதற்கு நிலவில் ஓடிய வண்டியின் பெயரை வைத்தது. ஆனால் எஞ்சின் சூடு உள்ளே வரும். வெளியே உறைந்து சாகிற குளிரில் அந்த பஸ்ஸுக்குள்தான் எங்களுக்கு விரல்கள் இருப்பது தெரியும். நாங்கள் காதலித்ததும் அதற்குள்தான். வேறு எங்கே போய்க் காதலிப்பது?

மெல்பேர்னுக்கு வந்து மல்கிரேவில் வீடு வாங்கி, பிள்ளையை வளர்த்து, அவர் ஒரு கம்பெனியில் குளிரூட்டி வடிவமைத்துக்கொண்டிருந்த காலத்தில்தான் அந்தச் சனியன் திரும்பி வந்தது. மகள் விஷாலினிக்குக் காணி பார்க்கவென்று கிரெய்கிபர்ன் பக்கம் போனவர், காணியை விட்டுவிட்டு பஸ் கதையோடு வந்து நின்றார். ஒரு பண்ணையில், இடுப்பளவு புல்லுக்குள், ஒரு லியாஸ் கண்ணாடி உடைந்து கிடந்ததாம். பழைய பஸ் சேர்க்கும் ஒருவர் எந்தக் காலத்திலோ கப்பலில் இறக்கியது. அவர் செத்துப்போக, மனைவி, "திருத்தினால் நீயே வைத்துக்கொள். அதுவரை இங்கேயே நிற்கட்டும்" என்று சொல்லிவிட்டார்.

அன்றிலிருந்து எங்களுக்குச் சனிக்கிழமை இல்லை. கலியாண வீடா, பிறந்தநாளா, நான் தனியாகத்தான் போவேன். "அங்கிள் எங்க அன்ரி?" என்று கேட்பவர்களுக்கு, "சின்ன வீட்டுக்குப் போட்டார்" என்பேன். என் அண்ணன் இரத்தினசிங்கம் ஒருநாள் விருந்தில் எல்லோருக்கும் கேட்கத் தன் மீசையைத் தடவிச் சொன்னார்: "மச்சான், உது ஓடினால் நான் இந்த மீசையை எடுக்கிறன்." எல்லோரும் சிரித்தார்கள். அருந்தவனும் சிரித்தார். நான் ஏசலாம், அவர் என் புருஷன். இவர்கள் யார் சிரிக்க?

போன வருடம் பண்ணை விலைப்பட்டது. வீடு கட்டுகிற கம்பெனி, திங்கட்கிழமை இயந்திரம் கொண்டுவந்து பஸ்ஸை வெட்டி இரும்புக்கு எடுக்கப்போவதாகச் சொல்லிவிட்டது. பழைய பஸ்காரர்களின் சங்கத்துக்கு ஒரு பெரிய கொட்டகை உண்டு. அதில் ஒரேயொரு இடம் மிஞ்சியிருந்தது. சங்கத் தலைவர் கிரேம் கறாரான ஆள். "ஞாயிற்றுக்கிழமை எங்கள் ஊர்வலம். உன் பஸ் தன் எஞ்சினில் வந்தால் இடம் உனக்கு. கட்டி இழுத்துக்கொண்டு வந்தால் இல்லை" என்றுவிட்டார்.

சனிக்கிழமை மத்தியானம் பஸ் தயாராக நின்றது. மஞ்சள் பூசி, கண்ணாடி போட்டு, பெர்மிட்டும் எடுத்தாயிற்று. அருந்தவன் ஏறிச் சாவியைத் திருப்பினார். எஞ்சின் உறுமியது, இருமியது, வெள்ளைப் புகையாகக் கக்கிவிட்டு நின்றுபோனது. மறுபடியும் திருப்பினார். மூச்சில்லை. அவர் இறங்கி வந்து பெட்ரோல் டாங்கியை முகர்ந்து பார்த்தார். முகத்தில் ஈயாடவில்லை.

"ஆர் இதுக்க டீசல் விட்டது?"

அண்ணன் கையில் காலி டீசல் கானோடு நின்றார். "நான்தான் மச்சான். நீ கடைக்குப் போன நேரம்... வழியில குறையக்கூடாதெண்டு. பஸ் எண்டால் டீசல்தானே?"

"கடவுளே! உங்களுக்கு விசரே அண்ணை?" என்று நான் கத்தினேன். "மீசையைக் காப்பாத்தவோ இந்த வேலை?"

அறுபத்தைந்து வயது மனுஷன், அப்படியே உடைந்துபோனார். "சத்தியமா இல்லையடி. நான் உதவி செய்ய எண்டுதான்..." கண் கலங்கிவிட்டது. அருந்தவன் சட்டைக் கையை மடித்து, "சரி, படும் கீழ" என்றார். இருவரும் பஸ்ஸுக்கடியில் படுத்து டாங்கியை வடித்தார்கள். குழாயைக் கழற்றி ஊதினார்கள். நான் எஞ்சினின் பிளக்குகளை ஒவ்வொன்றாகத் துடைத்தேன். என் இரசாயனப் படிப்பு அதற்குத்தான் உதவியது போலும். வெயில் சாயும் நேரம் புதுப் பெட்ரோலை ஊற்றித் திருப்பினார். ஒரு இருமல். இன்னொரு இருமல். பிறகு அந்தச் சத்தம்! மொஸ்கோவில் பனிக்குள் நின்று காது கொடுத்துக் காத்திருந்த அதே சத்தம். அண்ணன் என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டு குதித்தார். முழு உடம்பும் கிறீஸ்.

ஞாயிற்றுக்கிழமை நாங்கள் போன போக்கை என்ன சொல்ல! ஹியூம் பெருந்தெருவில் கார்க்காரர்கள் ஹோர்ன் அடித்துக் கை காட்டினார்கள். ஏற்றத்தில் பஸ் கொஞ்சம் முனகியது, ஆனால் நிற்கவில்லை. ஊர்வலம் கூடும் திடலுக்குள் துள்ளிக்கொண்டு நுழைந்தபோது சனம் எழுந்து கை தட்டியது. அருந்தவனுக்குத் தலைகால் தெரியவில்லை. ஒரு சுற்றுப் போக வாருங்கள் என்று எல்லோரையும் ஏற்றினார். கதவுகள் வலப்பக்கம். இந்த நாட்டுக்கு அது பிழையான பக்கம், சுற்றி வந்துதான் ஏறினார்கள். பஸ் நிரம்பி வழிந்தது. ஓட்டை போடும் இயந்திரத்தையும் சுவரில் பூட்டி வைத்திருந்தார் என் மனுஷன். அவர் அச்சடித்த டிக்கெட்டுகள் வெள்ளைக்காரர், சீனர், எங்கள் ஆட்கள் என்று கைமாறிக் கைமாறி முன்னால் போய்த் திரும்பி வந்தன. ஒன்றுகூடத் தொலையவில்லை.

சுற்று முடிந்ததும் கிரேம் ஒலிபெருக்கியில் அறிவித்தார்: கொட்டகையின் கடைசி இடம் லியாஸுக்கு! கைதட்டல் அடங்குமுன் அருந்தவனிடம் ஒரு சின்னத் தாளை நீட்டினார். இடம் கிடைத்த பஸ்ஸுக்குப் பழைய டிக்கெட் மாதிரி ஒன்றைக் கொடுப்பது அவர்கள் வழக்கம். அருந்தவன் பஸ்ஸையே பார்த்துக்கொண்டு நின்றார், கை நீட்டவில்லை. நான் வாங்கினேன். எண்ணைப் பார்த்தேன். 415730. நாலும் ஒன்றும் ஐந்தும் பத்து. ஏழும் மூன்றும் சைபரும் பத்து.

வாயில் போட்டேன்.

கிரேம் வாயைப் பிளந்து நின்றார். மீசை இல்லாத என் அண்ணன், ஓம், காலையிலேயே மழித்துக்கொண்டு வந்திருந்தார், விழுந்து விழுந்து சிரித்தார். நான் மென்று விழுங்கிவிட்டு அருந்தவனுக்கு நாக்கை நீட்டிக் காட்டினேன்.

அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு கையை நீட்டினார்.

"முதல் என்ர டிக்கெட்டைத் தாரும்!"